பிரிட்டிஷ் டாங்கியில் இருக்கும் அந்தக் கண் யாருடையது?

சேலஞ்சர் டாங்கியின் படம் ஒன்றைப் பார்த்துவிட்டுக் கேட்டிருக்கிறீர்கள்: "டரட்டின் (பீரங்கி இருக்கும் சுழலும் மேற்பகுதி) பக்கவாட்டில் பெரிதாக ஒரு கண் வரைந்திருக்கிறதே, அது எந்த ரெஜிமென்ட்? நம் ஊர் லாரிகளில் மாட்டுகிற திருஷ்டிப் பொம்மை மாதிரியா? அந்த ரெஜிமென்ட்டின் வரலாற்றைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல முடியுமா?"

அது ராயல் டாங்க் ரெஜிமென்ட். உலகத்தில் முதன்முதலாக டாங்கியை ஓட்டிக்கொண்டு போருக்குப் போனவர்களின் நேர் வாரிசு. திருஷ்டிக்கும் அந்தக் கண்ணுக்கும் சம்பந்தமில்லை. அது சீனக் கண், வந்த வழி மலாயா.

சிங்கப்பூர் சைனாடவுன் பக்கம் போனவர்களுக்கு யூ டோங் சென் சாலை தெரிந்திருக்கும். அந்த யூ டோங் சென் பினாங்கில் பிறந்தவர். பேராக்கின் ஈயச் சுரங்கங்களிலும் ரப்பர் தோட்டங்களிலும் பெரும் பணம் சேர்த்தவர். முதல் உலகப் போரின்போது, 1917-இல், பிரிட்டிஷ் அரசுக்கு ஒரு டாங்கி வாங்கப் பணம் கொடுத்தார். அந்த டாங்கிக்கு 'ஃபான் டான்' என்று ஒரு சீனச் சூதாட்டத்தின் பெயரை வைத்து, முகப்பில் இரண்டு கண்களையும் வரைந்தார்கள். சீனப் படகுகளின் முன்பக்கத்தில் கண் வரைவது வழக்கம். கண் இல்லாத படகுக்கு வழி எப்படித் தெரியும் என்பது அவர்கள் நியாயம். அந்த வழக்கத்தை ரெஜிமென்ட்டின் 4-ஆம் பட்டாலியன் பிறகு விடாமல் பிடித்துக்கொண்டது.

வேடிக்கையாகத் தொடங்கிய அலங்காரம்தான். ஆனால் இந்த ரெஜிமென்ட்டின் கதையைப் படிக்கப் படிக்க, இதைவிடப் பொருத்தமான சின்னம் வேறு இல்லை என்று எனக்குத் தோன்றும். காரணம், டாங்கி பிறவியிலேயே குருடு.

1916 செப்டம்பர் 15, பிரான்சில் சோம் போர்முனை. பதுங்குகுழிகளையும் முள்கம்பியையும் தாண்ட முடியாமல் லட்சக்கணக்கில் ஆட்கள் செத்துக்கொண்டிருந்த நேரம். லிங்கன் நகரத்து ஃபாஸ்டர் கம்பெனியில் டிரிட்டன், வில்சன் என்ற இரண்டு பொறியாளர்கள் வடிவமைத்த வண்டி அன்று முதன்முறையாகக் களத்துக்கு வந்தது. ரகசியத்தைக் காப்பாற்றுவதற்காகத் தொழிற்சாலையில் 'தண்ணீர்த் தொட்டி' என்று சொல்லிவைத்தார்கள். டாங்க் என்ற பெயர் அப்படி ஒட்டியதுதான். ஒதுக்கியவை 49, புறப்படும் இடத்துக்கு வந்து சேர்ந்தவை 32. மற்றவை வழியிலேயே பழுதாகியோ பள்ளத்தில் சிக்கியோ நின்றுவிட்டன. வந்ததில் டி-17 என்ற வண்டி ஃப்ளெர் கிராமத்தின் தெருவுக்குள்ளேயே நுழைந்தது. சில நாட்களுக்குள் உலகத்துக்கே விஷயம் தெரிந்துபோயிற்று.

அந்த வண்டிக்குள் எப்படி இருந்திருக்கும்? 28 டன் எடை, 105 குதிரைசக்தி டெய்ம்லர் எஞ்சின், எட்டு ஆட்கள். எஞ்சினுக்கும் ஆட்களுக்கும் நடுவில் தடுப்பு கிடையாது. ஓடத் தொடங்கினால் உள்ளே சூடு 50 டிகிரி வரை ஏறும். பெட்ரோல் நெடியும் புகையும் சேர்ந்து ஆட்கள் மயங்கி விழுவார்கள். வண்டியைத் திருப்ப நான்கு பேர் வேண்டும். முன்னால் ஓட்டுநரும் அதிகாரியும், பின்னால் இரு பக்கச் சங்கிலிப் பட்டைகளுக்கும் தனித்தனியாகக் கியர் மாற்ற இருவர். இரைச்சலில் பேச்சு கேட்காது என்பதால் ஓட்டுநர் எஞ்சின் மூடியில் ஓங்கித் தட்டுவார், கைவிரலால் சைகை காட்டுவார். வெளியே பார்ப்பதற்குச் சின்னச் சின்னப் பிளவுகள்தான். எதிரியின் தோட்டா கவசத்தில் பட்டால் உள்பக்கம் பொறிபொறியாக இரும்புச் சில்லு தெறிக்கும். அதற்காகச் சங்கிலி வலை தொங்கும் முகமூடி கொடுத்தார்கள். அதைப் போட்டால் பார்வை இன்னும் போகும். தலைமையகத்துக்குச் சேதி சொல்லக் கூண்டில் புறா.

இப்படிப்பட்ட வண்டியைச் சேற்றில் எப்படி நடத்திப் போவது? 1917 அக்டோபரில் பெல்ஜியத்தின் ஈப்ர் போர்முனையில் கேப்டன் கிளெமென்ட் ராபர்ட்சன் கண்டுபிடித்த வழி: தானே முன்னால் நடப்பது. குண்டு விழுந்த பள்ளங்களெல்லாம் குளமாகிக் கிடந்த அந்த மண்ணில், எந்த இடம் தாங்கும், எது விழுங்கிவிடும் என்று வண்டிக்குள் இருப்பவனுக்குத் தெரியாது. ராபர்ட்சனும் அவருடைய உதவியாள் சிரில் ஆலனும் பல நாள் இரவும் பகலும் அலைந்து தரையில் வெள்ளை நாடா விரித்து வழி குறித்தார்கள். அக்டோபர் 4 காலையில் தாக்குதல் தொடங்கியபோது குண்டுமழைக்கு நடுவே, மாட்டுவண்டிக்கு முன்னால் தடம் பார்த்துப் போகிறவர் மாதிரி, ராபர்ட்சன் டாங்கிகளுக்கு முன்னால் நடந்தார். ஓடைப் பாலத்தைத் தாண்டிக் கெட்டியான பாதையில் வண்டிகளைக் கொண்டுசேர்த்த பிறகு குண்டு பட்டு இறந்தார். வீரத்துக்கான பிரிட்டனின் உயரிய விருதான விக்டோரியா கிராஸ் டாங்கிப் படைக்குக் கிடைத்தது அதுவே முதல் முறை. ஆலன் அந்த ஆண்டு நவம்பரில் பிரான்சின் கம்ப்ரே போரில் இறந்தார்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். இரண்டு உலகப் போர்களிலும் சேர்த்து இந்தப் படைக்கு ஆறு விக்டோரியா கிராஸ். ஆறு பேரின் கதையிலும் டாங்கிக்கு வெளியே நின்ற இடம் ஒன்று இருக்கிறது. ரிச்சர்ட் வெய்ன் காயத்தோடு வண்டியை விட்டு இறங்கித் துப்பாக்கியோடு ஓடினார். சிசில் சூவெல் கவிழ்ந்த வண்டிக்குள் சிக்கியவர்களை மீட்க இறங்கினார். ரிச்சர்ட் வெஸ்ட் டாங்கிகளுக்குத் தலைமை தாங்கியதே குதிரை மேலிருந்து. இரும்புப் பெட்டிக்குள் பத்திரமாக உட்கார்ந்து போரிடுகிறவர்கள் என்று நினைப்பவர்களுக்காக இதைச் சொல்கிறேன்.

முதலில் இவர்கள் இயந்திரத் துப்பாக்கிப் படையின் ஒரு கிளைதான். 1917 ஜூலை 28-இல் டாங்க் கோர் என்று தனிப்படை ஆனார்கள். தலைவர் ஹியூ எல்லிஸ். மூளை என்று சொல்லத்தக்கவர் அவருடைய அதிகாரி ஃபுல்லர். கம்பெனிகளுக்கு ஏ, பி, சி என்று எழுத்துகள். டி பிரிவின் வண்டிகளுக்கு டி-யில் தொடங்கும் பெயர், எஃப் பிரிவுக்கு எஃப்-இல் பெயர் ('ஃபான் டான்' அப்படித்தான்). இந்த வழக்கம் இன்னும் சாகவில்லை: இன்றைய ஸ்குவாட்ரன்களின் (ரெஜிமென்ட்டின் உட்பிரிவுகள்) பெயர்கள் ஏஜாக்ஸ், பேட்ஜர், சைக்ளாப்ஸ், டிரெட்நாட், ஈஜிப்ட். ஆங்கில எழுத்து வரிசையில் சொல்லிப் பாருங்கள், ஏ முதல் ஈ வரை வரும். சைக்ளாப்ஸ் என்பது கிரேக்கக் கதையில் வரும் ஒற்றைக்கண் அரக்கன். கண் போட்ட டாங்கிக்கு அந்தப் பெயர் அமைந்தது தற்செயல் என்றே நினைக்கிறேன்.

1917 நவம்பர் 20, கம்ப்ரே. ரெஜிமென்ட் இன்றும் ஆண்டுதோறும் கொண்டாடுகிற நாள். அதுவரை சேற்றில் இரண்டும் மூன்றுமாக விட்டு வீணடித்த டாங்கிகளை, முதன்முறையாகக் காய்ந்த கெட்டித் தரையில் மொத்தமாக இறக்கினார்கள்: 476 வண்டிகள், அதில் சண்டையிடுபவை 378. அகலமான பதுங்குகுழிகளை நிரப்ப ஒவ்வொன்றின் தலையிலும் பெரிய சுள்ளிக் கட்டு. எல்லிஸ் ஒரு சிறுநகரக் கடையில் கிடைத்த பட்டுத்துணியை வாங்கிக் கொடி தைத்துக்கொண்டார். பழுப்பு, சிவப்பு, பச்சை. சேற்றிலிருந்து இரத்தத்தின் வழியே அப்பால் இருக்கும் பசும்புல்வெளிக்கு என்று அந்த நிறங்களுக்குப் பொருள் சொன்னார் ஃபுல்லர். தளபதி பின்னால் இருந்து வரைபடம் பார்க்கும் காலத்தில், எல்லிஸ் அந்தக் கொடியைப் பறக்கவிட்டு 'ஹில்டா' என்ற டாங்கியில் தானே முன்வரிசையில் போனார்.

ஒரே நாளில் எட்டு கிலோமீட்டர் வரை முன்னேற்றம். இங்கிலாந்தில் தேவாலய மணிகளை அடித்துக் கொண்டாடினார்கள். பத்தாம் நாள் ஜெர்மானியர் திருப்பித் தாக்கிப் பெரும்பகுதியை மீட்டுக்கொண்டார்கள் என்பதையும் சொல்லாவிட்டால் கதை பாதிதான். முதல் நாளிலேயே 179 டாங்கிகள் செயலிழந்தன. எதிரி அடித்தது 65 மட்டுமே, மற்றவை பழுதானவையும் சிக்கியவையும்.

அடி வாங்கியவற்றில் ஒன்று டி-51, பெயர் 'டெபோரா'. ஃப்ளெஸ்கியர் கிராமத்தைத் தாண்டும்போது ஜெர்மன் பீரங்கி நேராக அடித்ததில் எட்டுப் பேரில் ஐந்து பேர் இறந்தார்கள். வண்டியைப் பிறகு மண்ணுக்குள் புதைத்துவிட்டார்கள். இளம் வயதில் அதைப் பார்த்த ஊர் மூதாட்டி ஒருவர் சொன்னதை வைத்துத் தேடி, 1998-இல் தோண்டி எடுத்தார்கள். இப்போது அந்த ஊரிலேயே ஓர் அருங்காட்சியகத்தில் நிற்கிறது, முன்பகுதி கிழிந்தபடியே. பக்கத்துக் கல்லறைத் தோட்டத்தில் அந்த ஐந்து பேர். டாங்கிப் போரைப் பற்றி எத்தனை படித்தாலும் அந்தக் கிழிசல் சொல்வது வேறு.

1918-ஐ வேகமாகச் சொல்லிவிடுகிறேன். ஏப்ரல் 24-இல் வில்லர்-பிரெத்தொனோவில் டாங்கியும் டாங்கியும் மோதிய உலகின் முதல் சண்டை. விஷவாயுவால் ஆள் குறைந்த வண்டியோடு ஃபிராங்க் மிட்செல் ஜெர்மன் ஏ-7-வி டாங்கி ஒன்றை அடித்து நிறுத்தினார். ஆகஸ்ட் 8-இல் அமியான் போர். முதல் நாள் 400-க்கும் மேல் டாங்கிகள், ஐந்தாம் நாள் ஓடும் நிலையில் இருந்தவை ஆறு. வென்றார்கள், ஆனால் அந்த ஆறு என்ற எண்ணை மறக்கக்கூடாது.

போர் முடிந்ததும், குதிரைப் படைக்காரர்கள் நிம்மதிப் பெருமூச்சு விட்டார்கள். டாங்க் கோர் கலைக்கப்படாமல் தப்பியதே பெரிது. 1923-இல் மன்னர் ஐந்தாம் ஜார்ஜ் 'ராயல்' பட்டம் கொடுத்தார். 'எதற்கும் அஞ்சாதே' என்பது படையின் வாசகம். மறு ஆண்டு கறுப்பு பெரே தொப்பி வந்தது. பிரெஞ்சு மலைப்படையினர் போட்டிருந்ததைப் பார்த்துப் பிடித்த யோசனை. விளிம்பில்லாததால் வண்டிக்குள் இடிக்காது, கறுப்பு என்பதால் கிரீஸ் கறை தெரியாது. இரண்டாம் உலகப் போரில், எல் அலமெய்ன் காலத்து பிரிட்டிஷ் தளபதி மான்ட்கோமரியின் படங்களில் அவர் தலையில் இருப்பது இந்தத் தொப்பிதான், இரண்டு பேட்ஜ்களோடு. இந்திய ராணுவத்தின் கவசப் படையினர் இன்று கறுப்பு பெரே அணிவதும் இந்த மரபின் தொடர்ச்சியே.

அந்தக் காலத்தில் பேர் மாற்றிக்கொண்டு இந்தப் படையில் சாதாரண சிப்பாயாகச் சேர்ந்தவர் ஒருவர் உண்டு: அரேபியப் பாலைவனப் புகழ் லாரன்ஸ். 1923 முதல் 1925 வரை டார்செட்டில் உள்ள போவிங்டன் முகாமில் இருந்தார். அவருக்கு அந்த வாழ்க்கை துளியும் பிடிக்கவில்லை.

இரண்டு போர்களுக்கும் நடுவே நடந்தவற்றில் முக்கியமானது என்று நான் நினைப்பது ஒரு மூடுபனிக் காலை. 1931-இல் சாலிஸ்பரி சமவெளியில் பிரிகேடியர் பிராட் ஒரு டாங்கி பிரிகேட் முழுவதையும், ஒரு வண்டி இன்னொன்றுக்குத் தெரியாத பனிக்குள், ரேடியோவில் பேசியே நகர்த்திக் காட்டினார். குருட்டு மிருகத்துக்குக் காது கிடைத்த நாள் அது. அந்த வித்தையை வளர்த்தவர் பெர்சி ஹோபார்ட். நைனிடாலில் பிறந்தவர், யாரோடும் ஒத்துப்போகாதவர். ஃபுல்லரும் ஹோபார்ட்டும் பேசியதை ஜெர்மனியில் குடேரியன் போன்ற ராணுவ அதிகாரிகள் காது கொடுத்துக் கேட்டார்கள். சொந்த ஊரில் ஹோபார்ட்டை 1940-இல் வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். உள்ளூர்க் காவல் படையில் லான்ஸ் கார்ப்பொரலாகச் சேர்ந்து கிராமத்துக்குக் காவல் இருந்த அந்த ஜெனரலை, சர்ச்சில்தான் திரும்பக் கூப்பிட்டார்.

பெயர் விஷயத்தில் பலர் குழம்புவார்கள். குதிரைப் படைகளும் டாங்கிக்கு மாறிய பிறகு, 1939 ஏப்ரலில் எல்லோரையும் ராயல் ஆர்மர்ட் கோர் என்ற ஒரே கூரையின் கீழ் கொண்டுவந்தார்கள். ராயல் டாங்க் கோர் அதற்குள் ராயல் டாங்க் ரெஜிமென்ட் ஆயிற்று. ஹுஸார், லான்ஸர், டிராகூன் என்ற பெயரோடு டாங்கி ஓட்டியவர்கள் எல்லாம் பழைய குதிரைக்காரர்கள், இவர்கள் ஆதியிலிருந்தே இரும்புக்காரர்கள். இங்கே ரெஜிமென்ட் என்பது ஒரு குடும்பப் பெயர் மாதிரி. அதற்குள் 1, 2, 3 என்று எண் போட்ட பல பட்டாலியன்கள், ஒவ்வொன்றும் வேறு வேறு கண்டத்தில்.

1940 மே 21, பிரான்சின் அராஸ். 4-ஆம், 7-ஆம் பட்டாலியன்கள் 74 மட்டில்டா டாங்கிகளோடு ஜெர்மன் தளபதி ரோமெலின் படையை மறித்தன. அதில் 58 வண்டிகளில் இருந்தது வெறும் இயந்திரத் துப்பாக்கி. ரேடியோக்களை அலைவரிசை சேர்க்கக்கூட நேரமில்லை. திரும்பவும் குருடாகத்தான் போனார்கள். ஆனால் கவசம் கெட்டி. ஜெர்மானியரின் டாங்கி எதிர்ப்புக் குண்டுகள் பட்டுத் தெறித்தன. விமானங்களைச் சுட வைத்திருந்த 88 மில்லிமீட்டர் பீரங்கிகளைத் தாழ்த்திச் சுட்ட பிறகே ரோமெலால் நிறுத்த முடிந்தது. இரண்டு பட்டாலியன்களின் தலைவர்களும் இறந்தார்கள். ரோமெல் தன்னை ஐந்து டிவிஷன்கள் தாக்கியதாகக் கணக்கிட்டார். உண்மையில் வந்தது அதில் ஒரு சிறு பங்கு. அந்த அதிர்ச்சி ஜெர்மன் தலைமையைத் தயங்கவைத்து, டன்கர்க்கில் படைகள் தப்ப உதவியது என்பது பரவலான கருத்து.

அடுத்து வடக்கு ஆப்பிரிக்கா. 1940 டிசம்பர் 9 விடியலில் எகிப்தில் இத்தாலியரின் நிபெய்வா முகாமைத் தாக்கியது 7-ஆம் பட்டாலியனின் மட்டில்டாக்களும் இந்திய ராணுவத்தின் 4-ஆவது டிவிஷனும் சேர்ந்து. இத்தாலிய டாங்கிகள் எஞ்சினைக் கிளப்பும் முன்பே நொறுங்கின. அவர்களின் தளபதி மலெட்டி அங்கேயே இறந்தார். இரண்டு மாதத்தில் பிடிபட்ட இத்தாலியர் 1,30,000 பேர். பிறகு ரோமெல் வந்தார், அவரோடு அந்த 88-ம் வந்தது. 1941 நவம்பரில் லிபியாவின் டோப்ருக்கில் கேப்டன் கார்ட்னர் குண்டுமழையில் டாங்கியை விட்டு இறங்கி, கால் சிதைந்த ஓர் அதிகாரியை மீட்டுவந்தார். 1942 ஜூனில் 7-ஆம் பட்டாலியனின் தலைவர் ஃபுட், அடிபட்டு மிஞ்சிய டாங்கிகளைச் சேர்த்துக்கொண்டு, ஒன்றிலிருந்து இன்னொன்றுக்கு நடந்தே போய் ஆட்களைத் தேற்றினார். இருவருக்கும் விக்டோரியா கிராஸ். ராபர்ட்சனுக்குப் பின் கால் நூற்றாண்டு ஆகியும் டாங்கிக்கு முன்னால் ஒரு மனிதன் நடக்க வேண்டியிருந்தது.

நமக்கு நெருக்கமான அத்தியாயம் பர்மா. 1942 பிப்ரவரி 21-இல் 2-ஆம் பட்டாலியனும் 7-ஆவது ஹுஸார்களும் சேர்ந்த 7-ஆவது கவச பிரிகேட், அமெரிக்க ஸ்டூவர்ட் டாங்கிகளோடு ரங்கூன் துறைமுகத்தில் இறங்கியது. இரண்டே நாளில் சிட்டாங் பாலத்தை, மறுகரையில் இந்திய 17-ஆவது டிவிஷனின் பெரும்பகுதி இருக்கும்போதே, பிரிட்டிஷாரே தகர்த்தார்கள். அதற்குப் பிறகு ஆயிரம் மைலுக்குச் சற்றுக் குறைந்த பின்வாங்கல். யெனாங்யாங் எண்ணெய் வயல்களில் சூழப்பட்டுத் தண்ணீரில்லாமல் தவித்த 1-ஆவது பர்மா டிவிஷனை மீட்க, சீனத் தளபதி சுன் லி-ஜென்னின் படையோடு 2-ஆம் பட்டாலியன் டாங்கிகள் போயின. மே மாதம் சிந்துவின் ஆற்றங்கரையில் ஷ்வேஜின் வந்தபோது டாங்கிகளைக் கடத்தப் படகு வசதியில்லை. எஞ்சின் ஆயிலை வடித்துவிட்டு, இறுகி நிற்கும்வரை எஞ்சினை ஓடவிட்டார்கள். அத்தனை தூரம் தங்களைச் சுமந்துவந்த வண்டிகளைத் தங்கள் கையாலேயே கொன்றுவிட்டு, தமு வழியாக இம்பாலுக்கு நடந்தார்கள். ஹுஸார்களின் ஒரே ஒரு டாங்கி மட்டும் ஆற்றைக் கடந்தது.

அந்த வழித்தடங்களில் நடந்தது ராணுவம் மட்டுமல்ல. பர்மாவிலிருந்து லட்சக்கணக்கான இந்தியர்கள், அவர்களில் ஏராளமான தமிழர்களும் தெலுங்கர்களும், குழந்தை குட்டிகளோடு நடந்து வந்த காலம் அது. வழியில் செத்தவர்கள் பல்லாயிரம். தமுவுக்கு எதிரே, எல்லைக்கு இந்தப் பக்கம் இருக்கும் மோரேயில் இன்று தமிழர்கள் இருக்கிறார்கள். அவர்கள் குடியேறியது 1960-களில் நடந்த இன்னொரு வெளியேற்றத்துக்குப் பிறகு.

மிச்சப் போர் நன்றாகத் தெரிந்த கதை. துனிசியாவில் 1943 ஏப்ரலில் 48-ஆம் பட்டாலியன் கைப்பற்றிய ஜெர்மன் டாங்கி டைகர் 131 இன்றும் போவிங்டன் அருங்காட்சியகத்தில் ஓடுகிறது. நார்மண்டியில் ஹோபார்ட்டின் விசித்திர டாங்கிகள் கண்ணிவெடி அடித்தன, பாலம் போட்டன. 1944 செப்டம்பரில் 3-ஆம் பட்டாலியன் ஆன்ட்வெர்ப் நகருக்குள் நுழைந்தது.

அப்புறம் சுருங்கல்தான். (போருக்குப் பின் எண் போட்ட பட்டாலியன்களையே ரெஜிமென்ட் என்று அழைத்தார்கள்.) கொரியாவில் 1-ஆம் ரெஜிமென்ட் செஞ்சூரியன் டாங்கிகளோடு போரிட்டது. 1959-60-இல் எட்டு ரெஜிமென்ட்கள் ஐந்தாயின, 1969-இல் 5-ஆவது போயிற்று. 1992-93-இல் நான்கு இரண்டாகி, 2003-இல் 2-ஆவது ஈராக்கின் பாஸ்ராவில் சேலஞ்சர்-2 ஓட்டியது. கடைசியாக 2014 ஆகஸ்டில் இரண்டும் ஒன்றாகி, இப்போது இங்கிலாந்தின் டிட்வொர்த்தில் இருப்பது ஒரே ஒரு ராயல் டாங்க் ரெஜிமென்ட். ஒவ்வொரு இணைப்பிலும் யாருடைய பெயர் நிற்கும், யாருடைய வழக்கம் போகும் என்று கசப்பு இருக்கத்தான் செய்யும். 4-ஆவது 1993-இல் 1-ஆவதோடு கலந்தபோது எண் போயிற்று, கண் போகவில்லை. 2014-க்குப் பிறகு மொத்த ரெஜிமென்ட்டின் டாங்கிகளிலும் அது ஏறிவிட்டது. வெப்பக் கேமராவும் லேசர் அளவியும் வைத்து இருட்டில் கிலோமீட்டர் கணக்கில் பார்க்கும் சேலஞ்சரின் டரட்டில், பெயின்ட்டில் வரைந்த யூ டோங் சென்னின் கண். நீங்கள் படத்தில் பார்த்தது அதைத்தான்.